சமயமா, ஊர் வழக்கமா? சேந்தமங்கலம் 1623 முதல் சேலம் 2023 வரை

1. கேள்வி

எருமப்பட்டியிலிருந்து கொல்லிமலையை வலப்புறம் வைத்து வடக்கே போனால் சேந்தமங்கலம். மேற்கே திரும்பினால் நாமக்கல் பாறையும் அதன்மேல் கோட்டையும். இந்த முக்கோணத்துக்குள் அடங்கிய மானாவாரி ஊர்களில் மாரியம்மனுக்குப் பூச்சாட்டியதும் சில பழைய கேள்விகள் எழும். தலைக்கட்டு வரி யார் யாரிடம் வாங்குவது? முதல் மரியாதை எந்தக் குடும்பத்துக்கு? தேர் எந்தத் தெருவோடு திரும்பிவிடும், எந்தத் தெருவுக்குள் போகும்? சச்சரவு முற்றினால் தாசில்தார் அலுவலகத்தில் அமைதிப் பேச்சுவார்த்தை. அங்கே ஒரு தரப்பு, இது பரம்பரையாக வந்த சமய உரிமை, அரசாங்கம் கை வைக்கக் கூடாது என்னும். மறுதரப்பு, கோயில் பொதுச்சொத்து, வரியும் மரியாதையும் குடிமக்கள் எல்லாருக்கும் உரியவை என்னும். எதிரெதிராக நிற்கும் இரு தரப்பாரும் ஒரு விஷயத்தில் உடன்படுகிறார்கள். சமயம் என்று ஒரு பகுதி உண்டு, அதற்கு வெளியே உலகியல் என்று ஒரு பகுதி உண்டு, இரண்டுக்கும் நடுவே எங்கோ ஒரு கோடு ஓடுகிறது. அந்தக் கோடு எங்கே ஓடுகிறது என்பதில்தான் சண்டை.

நவீன உலகின் அடித்தளங்களில் ஒன்றாகச் சொல்லப்படுவது இந்தக் கோடு. இது இங்கே எப்படி வந்தது என்று கேட்டால் பாடநூல் விடை ஒன்று தயாராக இருக்கிறது. 1517இல் லூத்தர் தொடங்கிய பிளவு, முப்பதாண்டுப் போர், அதை முடித்த 1648ஆம் ஆண்டு வெஸ்ட்பாலிய உடன்படிக்கைகள், 1689இல் வெளியான ஜான் லாக்கின் சகிப்புத்தன்மைக் கடிதம், பிறகு அறிவொளி இயக்கம். இவற்றின் பயனாக ஐரோப்பா சமயத்தையும் அரசையும் பிரித்தது, ஆங்கிலேயர் அதைக் கப்பலேற்றி இங்கே கொண்டுவந்தனர் என்பது அந்த விடை. இந்திய மதச்சார்பின்மையை அந்நியச் சரக்கு என்று குறை சொல்வோரும், ஐரோப்பா தந்த வரம் என்று போற்றுவோரும் இந்த ஒரே கதையைத்தான் நம்புகிறார்கள்.

இக்கட்டுரையின் வாதம் வேறு. அந்தக் கோட்டின் ஒரு முக்கியமான வரைவு லாக்குக்கு முக்கால் நூற்றாண்டு முன்பே தமிழ்நாட்டில் நடந்தது. அதை வரையத் தூண்டியது சமயப்போரின் களைப்பு அன்று, சாதி. அன்றுமுதல் கோடு பலமுறை இடம் மாறியிருக்கிறது. ஒவ்வொரு முறையும் அதன் இடத்தைத் தீர்மானித்தது கடவுள் நம்பிக்கை பற்றிய கேள்வி அல்ல. சாதி எந்தப் பக்கம் நிற்கிறது என்ற கேள்விதான்.

2. காவியுடுத்த உரோமர்

இராபர்ட் தெ நோபிலி 1577இல் இத்தாலியப் பிரபுக் குடும்பத்தில் பிறந்த இயேசு சபைத் துறவி. 1605இல் கோவாவுக்கும் அடுத்த ஆண்டு மதுரைக்கும் வந்தார். அங்கே 1595 முதலே கொன்சாலோ பெர்னாந்தஸ் என்ற போர்த்துகீசியத் துறவி இருந்தார். முன்னாள் போர்வீரர். முத்துக்குளித்துறையிலிருந்து வந்திருந்த பரதவக் கிறிஸ்தவர்களைக் கவனித்துக்கொண்டார்; மதுரை நகரத்தாரோ அவர் பக்கம் திரும்பவில்லை. நோபிலி காரணத்தைக் கண்டுகொண்டார். மாட்டிறைச்சி தின்று மது அருந்தும் பறங்கியாக மட்டுமே ஊரார் பெர்னாந்தஸைப் பார்த்தனர்; அவர் சொன்ன சமயமும் பறங்கிச் சாதியின் ஆசாரமாகவே தோன்றிற்று.

எனவே நோபிலி தாம் பறங்கி அல்லர், உரோமாபுரி அரச குலத்தவர் என்றார். பிறகு பிராமண சந்நியாசியாக வாழத் தொடங்கினார். காவி உடை, குடுமி, பூணூல், சந்தனம், சைவ உணவு, தனி மடம். பெர்னாந்தஸிடமிருந்தும் அவருடைய சபையாரிடமிருந்தும் விலகியே வாழ்ந்தார். 1610இல் பெர்னாந்தஸ் மேலிடத்துக்குப் புகார் எழுதினார். பதின்மூன்று ஆண்டு வழக்கு அதிலிருந்து தொடங்கியது. கோவாவில் 1619இல் கூடிய திருச்சபைக் கூட்டத்தில் பேராயர் கிறிஸ்டோவாவ் தெ சா நோபிலிக்கு எதிராக நின்றார். வழக்கு ரோமுக்குப் போயிற்று. 1623 ஜனவரி 31 அன்று போப் பதினைந்தாம் கிரகோரி வெளியிட்ட ஆணைமடல், மூடநம்பிக்கை கலவாத வரையில் பூணூல், குடுமி, சந்தனம், நீராட்டு ஆகியவற்றைப் புதுக்கிறிஸ்தவர்கள் வைத்துக்கொள்ளலாம் என்று அனுமதித்தது. பிறப்பால் தாழ்ந்தோரை உயர்ந்தோர் இகழக் கூடாது என்ற வேண்டுகோளும் அதே மடலில் இருக்கிறது. வேண்டுகோள் மட்டுமே; ஆணை அன்று.

அதே 1623இல் நோபிலி மதுரையை விட்டுத் திருச்சிராப்பள்ளி வழியாக வடக்கே புறப்பட்டுச் சேந்தமங்கலம் வந்தார். மதுரை நாயக்கருக்கு அடங்கிய பாளையத்தலைவர் இராமச்சந்திர நாயக்கர் அவரை மதிப்போடு வரவேற்றார். நாமக்கல் கோட்டையைக் கட்டியவராக மரபு சொல்லும் இராமச்சந்திர நாயக்கரும் இந்தச் சேந்தமங்கலத்தாரே. அங்கிருந்து நோபிலி சேலம் போனார். முதலில் அங்கே ஆதரிப்பார் இல்லை. பின்னர், தம்பியிடம் ஆட்சியை இழந்து மோரமங்கலத்தில் இருந்த திருமங்கல நாயக்கர் அவருடன் நெருங்கிச் சில ஆண்டுகளில் திருமுழுக்குப் பெற்றார்.

இச்செய்திகளுக்கு ஆதாரம் இயேசு சபையார் எழுதிய கடிதங்கள். பத்தொன்பதாம் நூற்றாண்டில் பெர்த்ரான் பாதிரியார் அவற்றைப் பிரெஞ்சில் தொகுத்தார். 1924இல் வெளிவந்த சத்தியநாத ஐயரின் மதுரை நாயக்கர் வரலாறு அவற்றைப் பயன்படுத்தியது. கடிதங்களை அப்படியே நம்புவதற்கில்லை. நன்கொடையும் அனுமதியும் வேண்டி மேலிடத்துக்கு எழுதியவை அவை. வெற்றி பெரிதாகவும் தோல்வி சோதனையாகவும் தோன்றும். இராமச்சந்திர நாயக்கர் உண்மையில் என்ன நினைத்தார் என்று சொல்லும் உள்ளூர்ச் சான்று இல்லாமலே கதை நமக்குக் கிடைக்கிறது. ஆயினும் ஓர் ஊகத்துக்கு இடமுண்டு. தெருவோடு போகும் எந்தச் சந்நியாசிக்கும் பாளையத்தலைவர் தருகிற மரியாதையைத்தான் அவர் தந்தார். வந்தவர் புதுச் சமயக்காரர் என்பதைவிட, ஆசாரம் தவறாத துறவி என்பது அவர் கண்ணில் முதலில் பட்டிருக்கும். நோபிலியின் திட்டம் வேலை செய்தது என்பதற்கு அதைவிடச் சான்று வேண்டியதில்லை.

3. இரண்டு பாதிரியார், இரண்டு சாட்சியம்

திட்டத்தின் உயிர்நாடி 1613இல் நோபிலி இலத்தீனில் எழுதிய ‘இந்திய மக்களின் சில வழக்கங்கள் பற்றிய அறிக்கை’யில் இருக்கிறது. பூணூலும் குடுமியும் வழிபாட்டின் அடையாளங்கள் அல்ல, குலத்தின் அடையாளங்கள்; உரோமப் பிரபு அணியும் உடைபோல் உலகியல் மதிப்பைக் காட்டுவன; ஆகவே அவற்றை விடாமலே ஒருவர் கிறிஸ்தவர் ஆகலாம் என்பது வாதம். இதற்கு மனுதர்மத்திலிருந்து மேற்கோள் எடுத்தார், மதுரைப் பிராமணரின் சாட்சியம் திரட்டினார், தொமாஸ் அக்குவினாவையும் ஆதித் திருச்சபையின் முன்னுதாரணங்களையும் காட்டினார். சீனத்தில் 1610இல் இறந்த மத்தேயோ ரிச்சியும் கன்பூசியச் சடங்குகளை இவ்வாறே குடிமைச் சடங்குகள் என்றிருந்தார். ஆக, கருவிகள் ஐரோப்பியப் பட்டறையில் அடித்தவை என்பதை மறுக்க முடியாது. சமயத்துக்கு இன்றியமையாதது எது, நடுநிலையானது எது என்ற தகராறு லூத்தரியரிடையே பதினாறாம் நூற்றாண்டின் நடுவிலேயே நடந்தது. ஆனால் அங்கே தகராறு அங்கி, மெழுகுவர்த்தி, திருநாள் பற்றியது. ஒரு முழுச் சமூக அடுக்கையே எடுத்து, இது சமயம் அல்ல என்று கோட்டுக்கு வெளியே வைத்தது மதுரையில்தான் நடந்தது.

பெர்னாந்தஸ் சும்மா இருக்கவில்லை. 1616இல் போர்த்துகீசியத்தில் ஒரு நீண்ட நூல் எழுதினார். பிறப்பு, உபநயனம், திருமணம், சாவு என்று ஒவ்வொரு சடங்கையும் அடுக்கடுக்காக விவரித்தார். அவர் சொல்லவந்தது எளிது: இங்கே எதைத் தொட்டாலும் சமயமே; பூணூலை மந்திரம் இல்லாமல் யார் போட்டார்கள்?

இந்தத் தகராறை எப்படிப் படிப்பது? வின்சென்ட் குரோனின் 1959இல் எழுதிய வாழ்க்கை வரலாறும், ச. இராசமாணிக்கம் அடிகளின் ஆய்வுகளும் நோபிலியைப் பண்பாட்டு மதிப்பின் முன்னோடியாகக் காட்டுகின்றன. தமிழில் ‘ஆத்தும நிருணயம்’ போன்ற உரைநடை நூல்கள் செய்தவர் என்ற பெருமையும் சேர்கிறது. இனெஸ் சுபானோவ் 1999இல் வெளியிட்ட நூல் அந்தப் படத்தைக் கலைத்தது. இருவரின் வேறுபாட்டில் வர்க்க வேறுபாடு ஒளிந்திருக்கிறது என்று அவர் காட்டினார். சாதாரணப் படைவீரராக இருந்த பெர்னாந்தஸ் கண்டதை வரிசையாக எழுதினார். பிரபுவான நோபிலி மேல்தட்டு நூல்களை வைத்துக் கோட்பாடு கட்டினார். பிராமணரிடம் தம்மையே கண்ட ஐரோப்பியப் பிரபு அவர்.

என் தீர்ப்பு இது: பார்வையில் பெர்னாந்தஸ் சரி, வாதத்தில் நோபிலி வென்றார். அக்கால மதுரையில் சடங்கிலிருந்து குலத்தைப் பிரித்துக் காட்டும் கோடு எதுவும் கண்ணுக்குத் தெரியும்படி இல்லை. நோபிலி அதைக் கண்டுபிடிக்கவில்லை, உண்டாக்கினார். உண்டாக்கியதற்கு ஒரு விலையும் இருந்தது. சாதி சமயம் அல்ல என்றால், சமயம் சாதியைத் தொட முடியாது. சமயம் மாறலாம், சாதி மாறாது. 1640இல் பல்தசார் தா கோஸ்டா ‘பண்டாரசாமி’ என்ற இன்னொரு வகைத் துறவுக்கோலம் பூண்டு இடைக்கடை நிலைச் சாதிகளிடையே பணி தொடங்கியது இதன் நேர்விளைவு. மேல்சாதிக்கு ஒரு குரு, மற்றவர்க்கு வேறு குரு. இவ்வாறு பிறந்த ஏற்பாட்டை 1704இல் புதுச்சேரியில் போப்பின் தூதர் தூர்னோன் கண்டித்தார். 1744இல் போப் பதினான்காம் பெனடிக்ட் முடிவான ஆணை பிறப்பித்தார். அதன் பிறகும் தமிழகத் தேவாலயங்களில் தனித்தனி இருக்கை ஓயவில்லை. நெல்லைச் சீமையின் வடக்கன்குளத்தில் சாதிக் கிறிஸ்தவரையும் மற்றவரையும் பிரித்துத் தேவாலயத்துக்குள்ளேயே சுவர் இருந்தது. 1910இல் அதை இடித்தபோது, சுவர் எங்கள் குடிமை உரிமை என்று ஒரு தரப்பு நீதிமன்றம் போயிற்று, நீதிமன்றம் ஏற்கவில்லை.

4. எதிர்ப்பக்கத்திலிருந்து கோட்டை நகர்த்தியவர்கள்

பத்தொன்பதாம் நூற்றாண்டுப் புரோட்டஸ்டண்டுகள் பெர்னாந்தஸின் பக்கம் சேர்ந்தார்கள், அவர் பெயரை அறியாமலே. 1833இல் கல்கத்தா ஆயர் டேனியல் வில்சன், கிறிஸ்தவர் சாதியை உடனடியாக, முற்றிலுமாக விட்டொழிக்க வேண்டும் என்று சுற்றறிக்கை விடுத்தார். 1850இல் சென்னை மிஷனரி மாநாடு சாதியை இந்து சமயத்தின் கூறு என்றே அறிவித்தது. சாதியை விட்டதற்கு அடையாளமாகச் சேர்ந்து உண்ணச் சொன்னது. தஞ்சை வேதநாயகம் சாஸ்திரியார் போன்ற சுவிசேஷக் கவிஞர்களே இப்புதிய கெடுபிடியை எதிர்த்தனர். பழைய லூத்தரியர் பொறுத்துக்கொண்டதைப் புதியவர்கள் ஏன் பறிக்கிறார்கள் என்பது அவர்கள் கேள்வி.

சேலத்தில் இலண்டன் மிஷன் 1827இல் ஹென்றி கிரிஸ்ப் வருகையுடன் தொடங்கிற்று. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் சேந்தமங்கலம், நாமக்கல் பகுதிக்கும் கொல்லிமலைக்கும் வந்தவர்கள் ஸ்ட்ரிக்ட் பாப்டிஸ்ட் மிஷனார். அவர்களுள் ஜெசி பிராண்ட் மலையில் மருத்துவமும் பள்ளியும் நடத்தி 1929இல் காய்ச்சலில் இறந்தார். தொழுநோய் அறுவை மருத்துவத்தில் பின்னாளில் பெயர்பெற்ற பால் பிராண்ட் அவர் மகன். 1914இல் பிறந்து இந்த மலையில் வளர்ந்தவர். ஒரு வேடிக்கை: இங்கிலாந்தில் பாப்டிஸ்டுகள் அரசுத் திருச்சபையின் ஒடுக்குமுறைக்கு எதிராக, சமயம் மனச்சாட்சியின் விஷயம் என்று போராடியவர்களின் வழிவந்தவர்கள். பாடநூல் சொல்கிற ஐரோப்பிய வேர் நேராக இந்த மலையடிவாரத்துக்கு வந்து சேர்ந்தது என்றால் அது இவர்கள் வழியாகத்தான். ஆனால் வட்டாரத்தின் சட்டத்தையோ கோயில் வழக்கையோ அது தொடவில்லை. அதைச் செய்தவை வேறு கைகள்.

டாக்டர் அம்பேத்கரும் பெரியாரும் ஒரு வகையில் 1850ஆம் ஆண்டு மிஷனரிகளின் கண்டறிதலையே பகிர்ந்தனர். 1936இல் வெளியான ‘சாதி ஒழிப்பு’ சாதியின் அடித்தளம் சாஸ்திரங்களின் புனிதம் என்றது. 1944 ஆகஸ்ட் 27 அன்று சேலம் மாநாட்டில் நீதிக்கட்சி திராவிடர் கழகமாகப் பெயர்மாறியபோது பெரியாரின் நிலை இன்னும் வெளிப்படையாக இருந்தது. சாதியும் மதமும் ஒன்றையொன்று தாங்கி நிற்பவை. ஒன்றை விட்டுவைத்து மற்றதை ஒழிக்க முடியாது. நோபிலி வரைந்த கோட்டை அழிப்பதுதான் அவர் அரசியல் என்று சொன்னாலும் பிழையில்லை.

5. கம்பெனியின் கணக்கு

1792 மார்ச்சில் சீரங்கப்பட்டண உடன்படிக்கைப்படி திப்பு சுல்தான் சேலத்தையும் பாராமகாலையும் கிழக்கிந்தியக் கம்பெனிக்கு விட்டுக்கொடுத்தார். அலெக்சாண்டர் ரீட் பொறுப்பேற்றார்; அவருக்குக் கீழே மக்லியோடும் கிரஹாமும் தாமஸ் மன்றோவும். ரயத்துவாரி முறையின் தொட்டில் இதுதான் என்பது பலரும் எழுதியது. அதனால் இங்கே சுருக்கமாகவே. நம் கேள்விக்கு வேண்டியது ஒன்று: கோயிலுக்கும் பிராமணருக்கும் பள்ளிவாசலுக்கும் விடப்பட்டிருந்த இனாம் நிலங்களைக் கம்பெனி கணக்கெடுத்தது. தெய்வத்துக்கு விட்ட நிலம் ஏட்டில் ஒரு வரியாயிற்று. யார் அனுபவிக்கிறார், எந்த ஊழியத்துக்காக என்று எழுதிய கணத்தில் அது கச்சேரியின் விவகாரமாயிற்று.

1817ஆம் ஆண்டின் ஏழாம் ஒழுங்குவிதி கோயில், மசூதி, சத்திர அறக்கட்டளைகளின் மேற்பார்வையை வருவாய் வாரியத்திடம் தந்தது. கலெக்டர் தேர் இழுக்க ஆள் அனுப்பினார், தர்மகர்த்தாவை நியமித்தார். இங்கிலாந்தின் சுவிசேஷகக் கட்சிக்கு இது பொறுக்கவில்லை; கிறிஸ்தவ அரசு விக்கிரக வணக்கத்துக்குத் துணைபோவதா என்று கேட்டனர். சென்னைப் படைத்தலைவர் பெரெக்ரின் மெய்ட்லண்ட் 1838இல் இதே காரணத்துக்காகப் பதவி விலகினார். 1840களில் அரசு விலகத் தொடங்கி 1863ஆம் ஆண்டின் இருபதாம் சட்டத்தோடு முழுமையாகக் கை கழுவியது. பிரான்க்ளின் பிரெஸ்லரும் சந்திரா முதலியாரும் இக்கதையை விரிவாக எழுதியுள்ளனர். அவர்கள் எழுத்திலிருந்து நான் எடுத்துக்கொள்ளும் பாடம், அரசு கோயிலை விட்டு விலகியது இங்குள்ளோரின் மதச்சார்பின்மையால் அல்ல, அங்குள்ளோரின் சமயப்பற்றால் என்பது. விலகிய பிறகு கோயில்கள் தர்மகர்த்தாக்களின் கையில் தனிச்சொத்துப்போல் ஆயின, வழக்குகள் பெருகின. 1920களில் நீதிக்கட்சி அமைச்சரவை, பனகல் அரசர் காலத்தில், இந்து சமய அறநிலையச் சட்டம் கொண்டுவந்தது இதற்கு விடையாக.

இந்த வழக்குகளினூடே இன்றும் நம் ஊர்களை ஆளும் ஒரு சட்டநுணுக்கம் பிறந்தது. 1908ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் ஒன்பதாம் பிரிவு சொல்வது: சொத்து அல்லது பதவி பற்றிய வழக்கு, அது முழுக்கச் சமயச் சடங்கு பற்றிய கேள்வியைச் சார்ந்திருந்தாலும், உரிமையியல் வழக்கே. இதன் மறுபக்கமாக, பதவியோடு ஒட்டாத வெறும் மரியாதைக்கு வழக்குப் போட முடியாது என்று நீதிமன்றங்கள் தீர்த்தன. ஆகவே பரிவட்டம் கட்டிக்கொள்ளும் உரிமை கேட்பவர் முதலில் தாம் ஒரு பதவி வகிப்பதாக நிரூபிக்க வேண்டும். ஊரில் முதல் மரியாதை என்பது சமயமும் அல்ல, பதவியும் அல்ல. அது ஊர் தன்னை வரிசைப்படுத்திக்கொள்ளும் முறை. சட்டத்தின் இரண்டு கட்டங்களில் எதிலும் அது அடங்காது. எனவேதான் அது நீதிமன்றத்தில் தீராமல் தாசில்தாரின் மேசைக்கு வருகிறது.

6. மிட்டாதார் வீட்டிலிருந்து ஒரு மசோதா

1802இல் நிரந்தர ஏற்பாடு சேலம் மாவட்டத்துக்கும் நீட்டிக்கப்பட்டது. நிலங்களை மிட்டாக்களாகப் பிரித்து ஏலம் விட்டனர். பல மிட்டாக்கள் முறிந்தன, சில நின்றன. திருச்செங்கோட்டுப் பக்கத்துக் குமாரமங்கலம் அவற்றில் ஒன்று. அந்த வீட்டில் 1889இல் பிறந்த டாக்டர் ப. சுப்பராயன் 1926 முதல் 1930 வரை சென்னை மாகாண முதன்மை அமைச்சர். அவர் பிள்ளைகளில் ஒருவர் இந்தியத் தரைப்படைத் தளபதி ஆனார்; மோகன் குமாரமங்கலமும் பார்வதி கிருஷ்ணனும் பொதுவுடைமை இயக்கத்துக்குப் போயினர். மன்றோவின் ரயத்துவாரியும் காரன்வாலிஸின் நிரந்தர ஏற்பாடும் மார்க்சும் ஒரே மாவட்டத்தில், பின்னிரண்டும் ஒரே வீட்டில்!

சுப்பராயன் 1932 இறுதியில் ஆலயப் பிரவேச மசோதா ஒன்றைச் சென்னைச் சட்டமன்றத்தில் முன்வைத்தார். ஊரிலுள்ள இந்து வாக்காளரில் பெரும்பான்மையோர் சம்மதித்தால் கோயிலைத் தாழ்த்தப்பட்டோருக்குத் திறக்கலாம் என்பது அதன் சாரம். அதே வட்டாரத்தில் இராஜாஜி 1925இலேயே புதுப்பாளையத்தில் காந்தி ஆசிரமம் நிறுவியிருந்தார். தீண்டாமை ஒழிப்பும் கதரும் மதுவிலக்கும் அதன் வேலை. மசோதாவைச் சனாதனிகள் எதிர்த்தது எதிர்பார்த்ததே. அவர்களின் வாதம் 1858ஆம் ஆண்டின் விக்டோரியா அரசியார் பிரகடனத்தில் போய் நின்றது: அரசு சமயத்தில் தலையிடாது. வைசிராய் வில்லிங்டன் 1933 ஜனவரியில் மசோதாவுக்கு அனுமதி மறுத்தார்.

ஒன்றைக் கவனிக்க வேண்டும். நோபிலி சாதியைக் காப்பாற்ற அதைச் சமயத்துக்கு வெளியே வைத்தார். 1933இன் சனாதனிகள் சாதியைக் காப்பாற்ற அதைச் சமயத்துக்கு உள்ளே வைத்தனர். கோட்டின் ஒரு பக்கத்தில் திருச்சபையின் அதிகாரம். மறுபக்கத்தில் அரசின் அதிகாரம். எந்த அதிகாரம் அச்சுறுத்துகிறதோ அதன் கைக்கு எட்டாத பக்கத்துக்குச் சாதி நகர்ந்துவிடுகிறது. மதச்சார்பின்மை பற்றி மானிடவியலாளர் தலால் அசத் எழுதியவை, சமயம் என்ற பகுப்பே நவீன அரசு தன் தேவைக்கு வரையறுத்துக்கொண்டது என்று கற்பிக்கின்றன. நல்ல பாடம். ஆனால் அவரது பார்வையில் கோட்டை வரைபவர் எப்போதும் அரசே. கொங்கு நாட்டுச் சான்றுகள் வேறு ஒன்றையும் காட்டுகின்றன: அரசு வரையும் கோட்டை முன்கூட்டியே ஊகித்து அதன் வசதியான பக்கத்தில் போய் நின்றுகொள்ளும் திறமை சமூகத்துக்கும் உண்டு.

இராஜாஜி அமைச்சரவை 1938இல் மலபாருக்கும் 1939இல் மாகாணம் முழுமைக்கும் சட்டம் செய்தது. 1947ஆம் ஆண்டுச் சட்டம் கோயில் நுழைவை உரிமையாக்கியது. 1948 டிசம்பர் 2 அன்று அரசியல் நிர்ணய சபையில் அம்பேத்கர் பேசியது இந்த வரலாற்றின் திருப்பம். இந்த நாட்டில் சமயக் கருத்து பிறப்பு முதல் இறப்பு வரை எல்லாவற்றையும் தழுவிக் கிடக்கிறது. அதை அப்படியே விட்டால் சமூகச் சீர்திருத்தச் சட்டம் ஒன்றும் செய்ய முடியாது. ஆகவே இன்றியமையாத நம்பிக்கைகளுக்கும் சடங்குகளுக்கும் அதைச் சுருக்க வேண்டும் என்றார். 1936இல் சாதியின் வேர் சமயத்தில் இருக்கிறது என்று கண்டவர், 1948இல் சட்டத்தின் பொருட்டு அதைச் சமயத்திலிருந்து பிரித்தெடுக்கச் சொல்கிறார். இதில் முரண் இல்லை. நோய் கண்டதும் அவரே, மருந்து எழுதியதும் அவரே. நோபிலியின் கோடு மீண்டும் வந்தது, இம்முறை தலைகீழ் நோக்கத்தோடு.

7. ஒரே அரசு, இரண்டு விடைகள்

அரசியலமைப்பின் 25ஆம் உறுப்பு, சமயத்தோடு தொடர்புள்ள உலகியல் செயல்களை ஒழுங்குபடுத்தவும் பொதுக்கோயில்களை எல்லாப் பிரிவினருக்கும் திறக்கவும் அரசுக்கு இடம் தந்தது. எது உலகியல், எது இன்றியமையாத சமயம் என்று பார்க்கும் பொறுப்பு நீதிபதிகளிடம் விழுந்தது. 1954இல் சென்னை அறநிலையத் துறை ஆணையருக்கும் சிரூர் மடத்துக்கும் இடையே நடந்த வழக்கில் உச்ச நீதிமன்றம் அதற்கான அளவுகோலைத் தந்தது: அந்தச் சமயத்தின் கோட்பாடுகளையே பார்த்து முடிவு செய்ய வேண்டும். 1958இல் முல்கி வெங்கடரமணர் கோயில் வழக்கில், திறந்துவிடும் சட்டம் சமயப் பிரிவின் தன்னுரிமையை விஞ்சும் என்றது.

1970 டிசம்பரில் கலைஞர் அரசு பரம்பரை அர்ச்சகர் முறையை ஒழித்துச் சட்டம் செய்தது. 1972இல் சேஷம்மாள் வழக்கில் உச்ச நீதிமன்றம், அர்ச்சகரை நியமிப்பது உலகியல் செயல் என்று கூறிச் சட்டத்தை ஏற்றது; ஆனால் ஆகமம் விதிக்கும் தகுதியை மீற முடியாது என்று கதவைப் பாதி சாத்திவிட்டது. பாதி திறந்த அந்தக் கதவின் இடுக்கில் அரை நூற்றாண்டு போயிற்று. சேலம் சுகவனேசுவரர் கோயிலுக்கு அர்ச்சகர் பணியிடம் அறிவித்து 2018இல் வெளியான அறிவிப்பை எதிர்த்து வந்த வழக்கில், 2023 ஜூன் 26 அன்று சென்னை உயர் நீதிமன்ற நீதிபதி ஆனந்த் வெங்கடேஷ், ஆகமத்திலும் சடங்கிலும் தேர்ந்தவராக இருந்தால் போதும், குலவழி பார்க்க இடமில்லை என்று தீர்ப்பளித்தார். தீர்ப்பின் தர்க்கம் இதுதான்: பூசை சமயம், பூசாரியின் பிறப்பு சமயம் அல்ல. நோபிலி கேட்டிருந்தால் முதல் பாதியை ஒப்பியிருப்பார். இரண்டாம் பாதியையும்கூட ஒப்பியிருப்பார், விளைவைப் பார்க்கும் வரை.

இதுவரை பார்த்தால் சாதி நிலையாக உலகியல் பக்கம் வந்துவிட்டதுபோல் தோன்றும். அப்படியில்லை. 1950 ஆகஸ்ட் 10 அன்று குடியரசுத் தலைவர் பிறப்பித்த பட்டியல் சாதியினர் ஆணையின் மூன்றாம் பத்தி, இந்து அல்லாத எவரும் பட்டியல் சாதியினர் ஆகமாட்டார் என்றது. 1956இல் சீக்கியரையும் 1990இல் பௌத்தரையும் சேர்த்தனர். கிறிஸ்தவரும் முஸ்லிம்களும் இன்னும் வெளியே. அர்ச்சகர் நியமனத்தில் சாதி உலகியல் என்று சொல்லும் அதே அரசு, பட்டியலில் சாதி சமயத்தைச் சேர்ந்தது என்கிறது. சமயம் மாறினால் சாதி உதிர்ந்துவிடும் என்பது அதன் அனுமானம்.

சென்னைத் தெருவோரச் செருப்புத் தொழிலாளி சூசையின் வழக்கு இதை உச்ச நீதிமன்றத்துக்குக் கொண்டுபோயிற்று. பட்டியல் சாதித் தொழிலாளர்களுக்கு அரசு இலவசமாகத் தந்த பெட்டிக்கடை, கிறிஸ்தவரானதால் அவருக்குக் கிடைக்கவில்லை. 1985இல் நீதிமன்றம் மனுவைத் தள்ளியது. சாதி மதமாற்றத்துக்குப் பின்னும் தொடர்கிறது என்பது மட்டும் போதாது. கிறிஸ்தவச் சமூகத்துக்குள்ளும் அதே கடுமையுடன் இழிவு தொடர்வதாகச் சான்று காட்ட வேண்டும் என்றது. இங்கே வாதிகளின் நிலையை உற்றுப் பார்க்க வேண்டும். சமயம் மாறியும் சாதி போகவில்லை என்பது தலித் கிறிஸ்தவரின் முறையீடு. 1613இல் பிராமணக் கிறிஸ்தவருக்காக நோபிலி வைத்த வாதமும் அதுவே. அன்று அது பூணூலைக் காத்துக்கொள்ளும் சலுகை. இன்று, அந்தச் சலுகையின் சுமையைத் தேவாலயத்துக்குள்ளும் சுமந்தவர்கள் கேட்கும் ஈடு. தமிழகத்தில் தனித்தனிக் கல்லறைகள் இன்றும் இருப்பதை அறிந்தவர்களுக்குச் சான்று எங்கே என்ற கேள்வி வினோதமாகத் தோன்றும்.

தலித் கிறிஸ்தவ அமைப்புகள் ஒவ்வோர் ஆண்டும் ஆகஸ்ட் 10ஐக் கருப்பு நாளாகக் கடைப்பிடிக்கின்றன. மதம் மாறியோரைப் பட்டியலில் சேர்ப்பது குறித்து ஆராய 2022 அக்டோபரில் ஒன்றிய அரசு, முன்னாள் தலைமை நீதிபதி கே. ஜி. பாலகிருஷ்ணன் தலைமையில் ஆணையம் அமைத்தது. சமயம் மாறிய பின் ஒருவரின் வழக்கங்களிலும் சமூக இழிவு நிலையிலும் என்ன மாறுகிறது என்று பார்ப்பதும் அதற்கு இடப்பட்ட வேலைகளில் ஒன்று.